சாப்பிடாமல் நடந்தவன்

ஸ்ரனிஸ்லாஸ் என்ற பெயரை ஜெர்மன்காரர்கள் பிசகில்லாமல் உச்சரிப்பார்கள். அதைத் தவிர அந்த நாட்டில் அவனுக்கு வாய்த்த நல்லது என்று சொல்ல அதிகமில்லை. ஹாலே நகரத்துக்கு வெளியே ஒரு பழைய பட்டாளக் கட்டடத்தை அகதிகளுக்கு ஒதுக்கி, அதை ஹைம் என்று அழைத்தார்கள். அங்கே வேறு மூன்று ஆண்களோடு ஓர் அறையில் ஏழு வருடம் கிடந்தான். வேலை செய்ய அனுமதி இல்லை. மாவட்ட எல்லையைத் தாண்ட அனுமதி இல்லை. பாசையூரில் படகு எஞ்சின் திருத்துவதில் பேர்பெற்ற கை அவனுடையது. சும்மா இருக்கமாட்டாமல் ஹைமில் உள்ள அத்தனை பேரின் சைக்கிள்களையும் கழற்றிப் பூட்டிக்கொண்டிருந்தான். பழுதில்லாத சைக்கிளையும் கழற்றுகிறான் என்று அறையில் கூட இருந்த ஈராக்காரர்கள் சிரிப்பார்கள்.

அவனுடைய காலக்கோளாறை என்னவென்று சொல்ல! பாசையூரை விட்டு இடம்பெயர்ந்து, பிறகு சண்டைக்குப் பயந்து முல்லைத்தீவில் இருந்தும் புறப்பட்டவனை, ஏஜென்சிக்காரன் அந்த நாடு இந்த நாடு என்று இழுத்தடித்து 2002இல் ஜெர்மனியில் கொண்டுவந்து விட்டான். அதற்குள் ஊரில் சமாதான ஒப்பந்தம் எழுதிவிட்டார்கள். 'சமாதானம் வந்துவிட்டதே, இனி உனக்கென்ன பயம்?' என்று கேட்டு இங்கே வழக்கைத் தள்ளுபடி செய்தார்கள். பிறகு சண்டை திரும்பவும் தொடங்கியது. தள்ளுபடி மட்டும் தள்ளுபடியாகவே இருந்தது. டுல்டுங் என்று ஒரு கடதாசியைக் கொடுத்து, சில மாதங்களுக்கு ஒருமுறை அதில் முத்திரை குத்தினார்கள். உன்னைப் பொறுத்துக்கொள்கிறோம் என்று அதற்கு அர்த்தமாம். யார் யாரைப் பொறுத்துக்கொண்டது என்று திருப்பிக் கேட்க அவனுக்கு டொச் மொழி போதாது.

மனைவி றீற்றாவும் மகள் ஜெனிற்றாவும் வன்னியில் அகப்பட்டுக்கொண்டார்கள். அவன் வெளிக்கிடும்போது பிள்ளை தவழ்ந்துகொண்டிருந்தாள். 2009 தை மாதம் றீற்றா கடைசியாக ஒருமுறை தொலைபேசியில் பேசினாள். ஷெல் சத்தத்துக்குள் அவள் சொன்னதில் பாதி விளங்கவில்லை. பிறகு ஒன்றுமில்லை. வைகாசியில் எல்லாம் முடிந்தது என்று செய்தி வந்தது. முகாமில் இருக்கிறார்களா, ஆஸ்பத்திரியில் இருக்கிறார்களா, இருக்கிறார்களா என்பதே தெரியாமல் அவன் பைத்தியம் பிடித்தவன்போலத் திரிந்தான். சுனாமிக்கே தப்பினவள் என்று தனக்குத்தானே சொல்லிக்கொள்வான். அதைச் சொல்லாமல் அவனால் ஒருநாளும் நித்திரைக்குப் போக முடிந்ததில்லை.

ஆவணியில் வுப்பர்டாலில் இருந்து, வன்னியில் அகப்பட்டவர்களை விசாரிக்கிற வழியில் தொலைபேசியில் பழக்கமான தவராசா அழைத்தார். தவராசா அந்தக் காலத்திலேயே வந்து, கடவுச்சீட்டும் எடுத்து, வீடும் வாங்கிக்கொண்ட மனிதர். அவருடைய மனைவி கலாதேவி 2006இல் கிளிநொச்சியில் படுக்கையில் கிடந்த தாயைப் பார்க்கப் போனார். போய் இறங்கின கையோடு பாதையை மூடிவிட்டார்கள். ஜெர்மன் கடவுச்சீட்டைக் கைப்பைக்குள் வைத்துக்கொண்டு மூன்று வருடம் சனத்தோடு சனமாக ஓடியவரை, கடைசியில் வவுனியா முகாமில் இருந்து மீட்டு அனுப்பியிருந்தார்கள்.

"தம்பி ஸ்ரனி, மனுசி வந்திட்டா. உம்மடை றீற்றாவோடைதான் கன நாள் ஒரே பங்கருக்குள்ளை இருந்தவவாம்," என்றார் தவராசா.

"றீற்றா எங்கையாம் அண்ணை? பிள்ளை?"

"நேரிலை கதைப்பம். பெர்லினுக்கு வாரும். மகள் அங்கைதானே படிக்கிறாள். அவளின்ரை வீட்டிலை இருந்து ஆறுதலாக் கதைப்பம்."

"அக்காட்டை ஒருக்காக் குடுங்கோவன்."

"அவ படுத்திட்டா."

அதற்குப் பிறகும் மூன்று தடவை தொலைபேசி எடுத்தான். ஒருமுறை கலாதேவி குளிக்கப் போய்விட்டார். ஒருமுறை கோயிலுக்குப் போய்விட்டார். மற்றமுறையும் படுத்துவிட்டார். தவராசா பொய் சொல்லிப் பழகாத மனிதர். குரலில் அது அப்பட்டமாகத் தெரிந்தது. வேறு யாருக்காவது இப்படி நடந்திருந்தால் ஸ்ரனிஸ்லாஸ் உடனே விளங்கிக்கொண்டிருப்பான். தனக்கு என்று வந்தபோது புத்தி வேலைசெய்யவில்லை.

பெர்லினுக்குப் போக அனுமதி கேட்டான். மனைவி பெர்லினில் இல்லையே, பிறகு எதற்கு என்றார்கள். முன்பு ஒருதடவை எல்லை தாண்டி லைப்சிக் ஸ்ரேசனில் பிடிபட்டவன் அவன். இன்னொரு தடவை பிடிபட்டால் மறியலுக்குள் அடைப்போம் என்று எச்சரித்திருந்தார்கள். வருவது வரட்டும் என்று ரயிலேறிவிட்டான்.

தவராசாவின் மகள் சயந்தினி படிப்புக்கு நடுவே பெர்லினில் வழிகாட்டி வேலையும் பார்த்தாள். சுற்றுலாப் பயணிகளைக் கால்நடையாகக் கூட்டிக்கொண்டு போய் நகரத்தின் கதையைச் சொல்வது அவள் வேலை. அன்றைக்கும் அவளுக்கு வேலை இருந்தது. நடை பிரெட்ரிக் வீதி ஸ்ரேசன் வாசலில் தொடங்கி பிராண்டன்பேர்க் வாசலில் முடியும். அது முடிந்த பிறகுதான் வீட்டுக்குப் போகலாம் என்று தவராசா திட்டம் போட்டிருந்தார். "ஸ்ரேசனிலை தனிய நிண்டாத்தான் மறிப்பாங்கள். வெள்ளையளோடை வாயைப் பிளந்துகொண்டு நடந்தா ஒருத்தனும் கேளான். ஒரு கமரா கொண்டுவாரும்," என்று புத்தியும் சொல்லியிருந்தார். மகள் டொச்சில் பிளந்து கட்டுவதை நாலு பேருக்குக் காட்டுகிற ஆசையும் அவருக்கு இல்லாமலில்லை. ஸ்ரனிஸ்லாஸ் ஈராக்காரனிடம் ஒரு பழைய கமராவை இரவல் வாங்கிக் கழுத்தில் கொழுவிக்கொண்டு வந்தான். அதற்குள் பிலிம் இல்லை.

கலாதேவி அக்காவை அவன் அன்றுதான் முதல்முதலாகக் கண்டான். வெயிலில் கறுத்து, தலைமயிர் கட்டையாக வெட்டி, கோடைகாலத்திலும் கம்பளிச் சட்டை போட்டிருந்தார். அவனுடைய இரண்டு கைகளையும் பிடித்தார். பிடித்தவர் விடவில்லை.

"சாப்பிட்டனீங்களோ தம்பி?"

"ஓம் அக்கா. அக்கா, றீற்றா..."

அதற்குள் சயந்தினி சிவப்புக் குடையை உயர்த்திப் பிடித்துக்கொண்டு பேசத் தொடங்கிவிட்டாள். தவராசா அவன் சட்டைக் கையை இழுத்தார். "பிறகு, பிறகு. பிள்ளை தொடங்கீட்டாள்."

முதல் கதையே அந்த ஸ்ரேசனைப் பற்றியது. நகரத்தின் நடுவே மதில் இருந்த காலத்தில் கிழக்கில் இருந்து மேற்குக்குப் போக அங்கேயும் ஒரு வாசல் இருந்தது என்றாள். பிறகு சிரித்துக்கொண்டு தகப்பனைக் காட்டினாள். 1985இல் கிழக்கு பெர்லினில் விமானத்தால் இறங்கி, இந்த ஸ்ரேசனால் மேற்குப் பக்கம் வந்து சேர்ந்தவர்களில் என்னுடைய அப்பாவும் ஒருவர் என்றாள். பயணிகள் கைதட்டினார்கள். தவராசா வெட்கத்தோடு தலையை ஆட்டினார். ஸ்ரனிஸ்லாஸும் கைதட்டினான். மதில் இருந்த காலத்தில் உள்ளே வந்தவருக்கு வீடு வாசல். மதிலை உடைத்த பிறகு வந்தவனுக்கு மாவட்டத்தைத் தாண்ட ஏலாது. அந்த எரிச்சலையும் விழுங்கிக்கொண்டுதான் தட்டினான்.

அடுத்தது, ஹிட்லரின் நாசிகள் புத்தகங்களை எரித்த சதுக்கம். நிலத்தில் ஒரு கண்ணாடி பதித்திருந்தார்கள். அதற்குக் கீழே நிலவறை, அதற்குள் புத்தகமே இல்லாத வெள்ளை அலுமாரிகள். எல்லாரும் குனிந்து பார்த்தார்கள். கலாதேவி கண்ணாடிக்குக் கிட்டவே போகவில்லை. நிலத்துக்குள் பங்கர்போல ஒரு கிடங்கு என்று தெரிந்ததும் பின்னுக்கு வந்து, ஒரு சுவரோடு முதுகை ஒட்டிக்கொண்டு நின்றார். ஸ்ரனிஸ்லாஸ் பக்கத்தில் போய் நின்றான்.

"அக்கா, கடைசியா எப்ப கண்டனீங்கள் அவையளை?"

"வுப்பர்டாலிலை தொங்கிற ரயில் ஓடுதல்லோ தம்பி, முந்தி அதிலைதான் வேலைக்குப் போறனான். இப்ப ஏறப் பயமாக் கிடக்கு. மேலை சத்தம் கேட்டா உடம்பு குனியுது," என்றார் கலாதேவி. பிறகு கைப்பையைத் திறந்து ஒரு பொட்டலத்தை எடுத்தார். "றோல்ஸ் கொண்டந்தனான். ஒண்டு சாப்பிடுங்கோ."

"பிறகு சாப்பிடுறன் அக்கா. றீற்றா முகாமிலையோ?"

"ஆறீட்டா நல்லாயிராது," என்றார் கலாதேவி, பொட்டலத்தைப் பார்த்தபடி.

அவனுக்குக் கோபம் பற்றிக்கொண்டு வந்தது. மறியலுக்குப் போகவும் துணிந்து வந்திருக்கிறேன், இவர்கள் எனக்கு ஊர் காட்டிப் பலகாரம் தருகிறார்களே என்று நெஞ்சு கொதித்தது. பிடித்து உலுக்க வேண்டும்போல இருந்தது. ஆனால் அந்த மனுசியின் கை எலும்பைப் பார்த்த பிறகு யாருக்குத்தான் உலுக்க மனம் வரும்?

சிவப்புக் குடை முன்னே போனது. இவர்கள் பின்னே போனார்கள். வடக்கு இது, தெற்கு இது, அரசன் கட்டினான், குண்டு விழுந்தது, திரும்பவும் கட்டினார்கள் என்று சயந்தினி சொல்லிக்கொண்டே போனாள். குண்டு விழுந்த நகரத்தைத் திரும்பக் கட்டலாம் என்பதை ஸ்ரனிஸ்லாஸ் கேட்டுக்கொண்டு நடந்தான். தவராசா இரண்டு எட்டுக்கு ஒருதடவை திரும்பி அவன் முகத்தைப் பார்த்தார். அவன் பார்த்தால் உடனே ஒரு கட்டடத்தை அண்ணாந்து பார்த்தார்.

பழைய எல்லைச் சாவடியடியில் திருவிழாக் கூட்டம். அந்தக் கூட்டத்துக்குள் இரண்டு பொலிஸ்காரர்கள் நடந்து வந்தார்கள். ஒருவன் ஸ்ரனிஸ்லாஸைப் பார்த்தான். ஸ்ரனிஸ்லாஸ் கமராவைக் கண்ணில் வைத்து, எதையோ குறிபார்த்து, பிலிம் இல்லாத கமராவில் படம் எடுத்தான். அதே நேரம் கலாதேவி வந்து அவன் கையைக் கோத்துக்கொண்டு நின்றார், கூடப்பிறந்தவள் நிற்பதுபோல. பொலிஸ்காரர்கள் கடந்து போய்விட்டார்கள்.

கலாதேவி கையை எடுக்கவில்லை. திரும்பவும் பொட்டலத்தை நீட்டினார். "ஒரு வாயாவது சாப்பிடுங்கோ தம்பி. கும்பிட்டுக் கேக்கிறன்."

அப்போதுதான் ஸ்ரனிஸ்லாஸுக்கு விளங்கியது.

பாசையூரில் கடலுக்குப் போனவன் திரும்பாவிட்டால், வீட்டுக்குச் சொல்லப் போகிறவர்கள் எடுத்த எடுப்பில் சொல்லமாட்டார்கள். இழவு விழுந்த வீட்டில் அடுப்பு எரியாது. செய்தி காதில் விழுந்த பிறகு அந்த வீட்டுப் பெண் எத்தனை நாளைக்குச் சோறு தொடமாட்டாளோ, யாருக்குத் தெரியும்? அதனால் முற்றத்தில் குந்தி, 'சாப்பிட்டாச்சோ?' என்று கேட்பார்கள். இல்லை என்றால், 'சாப்பிட்டிட்டு வா, ஒரு கதை இருக்கு' என்பார்கள். தெருவில் வைத்துச் சொல்லவே மாட்டார்கள். விழுந்தால் பிடிக்க ஆள் வேண்டும், படுக்க இடம் வேண்டும், சுற்றிப் பெண்கள் வேண்டும். ஸ்ரனிஸ்லாஸே ஒருமுறை அப்படிப் போயிருக்கிறான். கூட்டாளியின் மனைவி மீன்குழம்பும் சோறும் தின்று முடிக்கும்வரை, அவளுக்கு முன்னால் இருந்து வலை விலையைப் பற்றிக் கதைத்திருக்கிறான். அவள் கை கழுவி முடித்த பிறகுதான் சொன்னான்.

ஆக, இவ்வளவு நேரமும் அவன் கலாதேவிக்கு முன்னால் அந்தப் பெண்ணாகத்தான் இருந்திருக்கிறான். வீடு, ஆறுதல், கதைப்பம் என்று தவராசா சொன்ன ஒவ்வொரு சொல்லும் இப்போது ஒன்றன்பின் ஒன்றாக வந்து நெஞ்சில் குத்தியது.

"வயிறு சரியில்லை அக்கா," என்றான். "இப்ப ஏலாது."

அதற்குப் பிறகு அவன் வேறு ஆளாகிவிட்டான். செய்தி, செய்தி என்று துடித்து வந்தவனுக்குச் செய்தியே வேண்டாம்போல ஆகிவிட்டது. தான் சாப்பிடாதவரை அவர்கள் சொல்லப்போவதில்லை. சொல்லாதவரை றீற்றா எங்கேயோ ஒரு முகாமில் தண்ணீர் வாளியோடு வரிசையில் நின்றுகொண்டிருப்பாள். நடை முடியாமல் இருந்தால் போதும். வீடு வராமல் இருந்தால் போதும். இப்படி ஒரு மனிதன் நினைப்பானா என்று கேட்பீர்கள். அவனுடைய இடத்தில் நின்றால் நீங்களும் அதைத்தான் நினைப்பீர்கள்.

கொல்லப்பட்ட யூதர்களுக்காக எழுப்பிய சீமெந்துக் கட்டைகளுக்குள் போனார்கள். போகப்போகக் கட்டைகள் ஆளை மறைக்கும் உயரத்துக்கு எழும்பின. ஸ்ரனிஸ்லாஸ் வேண்டுமென்றே பின்தங்கி, ஒரு சந்துக்குள் திரும்பி, அங்கேயே நின்றான். தவராசா தேடிவந்து பிடித்தார். "என்ன தம்பி, பயப்பிடுத்துறீர்," என்றார். அவர் கண்கள் கலங்கியிருந்தன.

அங்கிருந்து பிராண்டன்பேர்க் வாசல்வரை ஸ்ரனிஸ்லாஸ் சயந்தினியின் பக்கத்திலேயே நடந்து, கேள்வி மேல் கேள்வி கேட்டான். பயணிகளுக்கு அவள் கதையை முடித்து, நன்றி சொல்லி, அவர்கள் கலைந்து போன பிறகும் அவன் விடவில்லை.

"பிள்ளை, அந்த வாசலுக்கு மேலை குதிரை வண்டில் ஏன் நிக்குது?"

"அது வெற்றிக்கு மாமா. அந்தக் காலத்திலை பிரெஞ்சுக்காரர் அதைக் கழற்றிப் பாரிசுக்குக் கொண்டுபோனவை."

"பிறகு?"

"பிறகு திருப்பிக் கொண்டுவந்து வைச்சவை."

"உடையாமலோ?"

இங்கேயே பிறந்து வளர்ந்த பெண், ஆனாலும் அந்தக் கேள்வி குதிரையைப் பற்றியதல்ல என்பது அவளுக்கும் தெரிந்துவிட்டது. குடையை மடக்கிக்கொண்டு தகப்பனைப் பார்த்தாள்.

"வாரும் தம்பி," என்றார் தவராசா. "பிள்ளையின்ரை வீட்டை போவம். புட்டு அவிச்சு வைச்சிருக்கு."

"நான் வரேல்லை அண்ணை."

"என்ன சொல்லுறீர்?"

"வீட்டை வந்தா நான் விழுந்திடுவன். பிறகு ஆர் என்னைத் தூக்கி ரயிலிலை ஏத்திறது? நாளைக்கு விடிய முத்திரை குத்த ஹாலேயிலை நிக்கவேணும். அழுதுகொண்டு போறவனைத்தான் பொலிஸ் முதல் மறிக்கும்." அவன் கலாதேவியின் பக்கம் திரும்பினான். "அக்கா, எனக்கு எல்லாம் தெரிஞ்சிட்டுது. ஒண்டு மட்டும் தெரியேல்லை. ரெண்டு பேருமோ, ஒராளோ?"

கலாதேவி வாயைப் பொத்திக்கொண்டார். "தெருவிலை வைச்சு என்னெண்டு தம்பி... ஏலாது தம்பி."

"எனக்கு வீடில்லை அக்கா. இங்கை சொல்லுங்கோ."

பக்கத்தில் ஒரு பஸ்காரன் ஆட்களை இறக்கிக்கொண்டிருந்தான். யாரோ சிரித்துக்கொண்டு படம் எடுத்தார்கள். கலாதேவி கையை வாயில் இருந்து எடுத்தார்.

"பிள்ளை இருக்கிறாள்," என்றார்.

முதலில் வந்தது சந்தோஷம்தான். உச்சந்தலையில் குளிர்ந்த தண்ணீர் ஊற்றியதுபோல ஒரு சந்தோஷம். அது போய் முடிய முன்னமே மற்றது வந்தது. ஸ்ரனிஸ்லாஸ் நடைபாதைக் கல்லில் குந்திவிட்டான். அந்த ஒரு கணச் சந்தோஷத்துக்காக அவன் தன்னை ஒருநாளும் மன்னிக்கவில்லை.

கலாதேவியும் கல்லில் இருந்து, அவன் முதுகில் கையை வைத்துக்கொண்டு சொன்னார். சித்திரை மாதம். றீற்றா கஞ்சிக்கு வரிசையில் நின்றாள். ஷெல் விழுந்தது. பிள்ளை பங்கருக்குள் நித்திரை. கலாதேவியும் இன்னும் இரண்டு பேரும் றீற்றாவைப் புதைத்தார்கள். அவர்களில் ஒருவர் வேதக்காரர். அவர் சிலுவை அடையாளம் போட்டுச் செபம் சொன்னார். பிறகு முகாம்வரை பிள்ளையைக் கலாதேவி கையில் பிடித்துக்கொண்டு போனார். தூதரகத்தார் வந்தபோது கலாதேவியை மட்டும்தான் வெளியே விட்டார்கள். பிள்ளையை வவுனியாவில் கன்னியாஸ்திரிகள் பொறுப்பெடுத்தார்கள்.

"கெஞ்சினனான் தம்பி. காலிலை விழுந்தனான். என்ரை பிள்ளை எண்டும் சொல்லிப் பாத்தனான்." கலாதேவி கம்பளிச் சட்டைக் கையால் முகத்தைத் துடைத்தார். "இன்னொண்டு இருக்கு. அவளுக்குத் தெரியாது."

"என்ன தெரியாது?"

"தாய் போனது தெரியாது. அண்டைக்கு எழும்பி அம்மா எங்கை எண்டு கேட்டாள். அம்மாக்குச் சின்னக் காயம், கப்பலிலை திருகோணமலை ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோட்டினம் எண்டு சொன்னன். சாப்பிடாமல் கிடந்தாள் தம்பி. நாலு நாள் பச்சைத் தண்ணியும் குடிக்கேல்லை. அப்பா வந்து உன்னை அம்மாட்டைக் கூட்டிக்கொண்டு போவார், சாப்பிடு எண்டு சொன்னன். சாப்பிட வைக்கத்தான் சொன்னனான். வேறை என்னத்தைச் சொல்ல?"

"இப்ப சாப்பிடுறாளோ?"

"ஓம். நான் வெளிக்கிடேக்கையும் சாப்பிட்டுக்கொண்டுதான் இருந்தவள். அப்பா எப்ப வருவார் எண்டு கேட்டவள்."

ஸ்ரனிஸ்லாஸ் எழும்பி, காற்சட்டையில் ஒட்டியிருந்த தூசியைத் தட்டினான்.

"நாளைக்கு முத்திரை குத்திற இடத்திலை சொல்லப்போறன், என்னைத் திருப்பி அனுப்பச் சொல்லி."

"விசரே உமக்கு?" தவராசாவின் குரல் உயர்ந்துவிட்டது. "முல்லைத்தீவு ஆம்பிளை, இப்ப போய் இறங்கினா விமான நிலையத்திலையே பிடிச்சுக்கொண்டு போவாங்கள். ஏழு வருசம் போராடினது இதுக்கோ? நீர் போய்ப் பிள்ளையைக் காணுவீர் எண்டு என்ன நிச்சயம்?"

"நிச்சயம் இல்லை அண்ணை."

"இங்கை இருந்து கூப்பிடப் பாரும். ஒரு லோயரைப் பிடிப்பம்."

"இந்தக் கடதாசிக்கு என்னையே பெர்லினுக்கு விடமாட்டினம் அண்ணை. பிள்ளையை ஆர் விடுறது?" அவன் குரல் அப்போதுதான் உடைந்தது. "வேறை ஆரும் அவளுக்குச் சொல்லக்கூடாது. நான்தான் சொல்லவேணும். அவள் சாப்பிட்டு முடிச்ச பிறகு நான்தான் சொல்லவேணும்."

கலாதேவி அழுதுகொண்டிருந்தார். ஸ்ரனிஸ்லாஸ் சயந்தினியின் பக்கம் திரும்பினான். என்னை அனுப்பிவிடாதேங்கோ என்று அவனுக்குப் பல விதமாக டொச்சில் சொல்லத் தெரியும். ஏழு வருடமாக அதைத்தான் சொல்லிக்கொண்டிருந்தான். மற்றது அவனுக்குத் தெரியாது.

"பிள்ளை, என்னை ஊருக்கு அனுப்புங்கோ எண்டு டொச்சிலை எப்பிடிக் கேக்கிறது?"

சயந்தினி கண்ணைத் துடைத்துக்கொண்டு சொல்லிக்கொடுத்தாள். முதல்தரம் அவனுக்கு நாக்குத் திரும்பவில்லை. அவள் இன்னும் ஆறுதலாக, ஒவ்வொரு சொல்லாகப் பிரித்துச் சொன்னாள். அவனும் ஒவ்வொன்றாகச் சொல்லிப் பாடமாக்கினான்.